எழுதாத கடனும் எழுதப்பட்ட தீர்ப்பும்

"பத்திரம் இல்ல. புரோநோட்டு இல்ல. கைமாத்தாத்தான் குடுத்தேன். கேஸ் போட முடியுமா?"

முப்பத்தாறு வருஷம் வக்கீல் குமாஸ்தாவாக இருந்தவன் நான். இந்தக் கேள்வியோடு ஆபீஸ் படியேறி வந்தவர்களுக்குக் கணக்கில்லை. வந்தவர்களில் பாதிப் பேர் நம்ம சனங்கள். ஆடு வித்த காசு, சீட்டு எடுத்த காசு, புருஷன் திருப்பூரிலிருந்து அனுப்பிய காசு என்று எதையாவது ஒருவரை நம்பிக் கொடுத்துவிட்டு வந்திருப்பார்கள். வக்கீல் உள்ளே இருக்கும்போது திண்ணையில் உட்காரவைத்து நான் சொல்கிற பதில் எப்போதும் ஒன்றுதான். "போடலாம். சட்டத்துல இடம் இருக்கு."

இடம் இருப்பது உண்மை. 1872-ஆம் வருஷத்து ஒப்பந்தச் சட்டம், கடன் கொடுக்க எழுத்து கட்டாயம் என்று சொல்லவில்லை. வாயால் பேசிக் கையில் கொடுத்தாலும் அது ஒப்பந்தம்தான். அதே வருஷம் வந்த சாட்சியச் சட்டத்தின் 59-ஆம் பிரிவு, ஆவணத்தின் வாசகத்தைத் தவிர மற்ற எதையும் வாய்ச் சாட்சியத்தால் நிரூபிக்கலாம் என்றது. 134-ஆம் பிரிவு, ஒரு சங்கதியை நிரூபிக்க இத்தனை சாட்சி வேண்டும் என்ற கணக்கே கிடையாது என்றது. ஒரே ஒரு ஆள் கூண்டேறிச் சொல்வதை நீதிபதி நம்பினால் போதும். 2024 ஜூலை 1 முதல் அந்தச் சட்டத்தின் இடத்துக்குப் பாரதிய சாக்ஷ்ய அதினியம் வந்துவிட்டது. பிரிவுகளின் எண்கள் மாறியிருக்கின்றன. இந்த விதிகள் மாறவில்லை.

நம்பினால் போதும் என்கிறது சட்டம். யாரை நம்புவது என்பதைச் சட்டம் சொல்லவில்லை. அதை ஊர் சொல்லி வைத்திருந்தது. ஊர் சொன்னது கோர்ட்டுக்குள் எந்த வாசல் வழியாக நுழைகிறது என்பதை நான் என் அம்மாவின் வழக்கில்தான் பார்த்தேன். அதை இங்கே எழுதுகிறேன். ஒரு குடும்பத்துக் கதையாக மட்டும் இதைப் படிக்க வேண்டாம். சேரியில் கடன் என்ற ஒன்றுக்கு இருக்கிற வரலாறு இது.

1

எங்களுக்குக் கிழக்குத் தஞ்சை. தாத்தா பண்ணையாள். அப்பா எப்படியோ தப்பித்து ரயில்வேயில் கேங்மேன் ஆனார். 1982-ல் வேலையில் இருக்கும்போதே செத்துப் போனார். பி.எஃப். பணமும் மற்றதும் வந்ததை அம்மா தபால் ஆபீசில் போட்டு வைத்தார். எங்கள் தெருவில் பாஸ்புக் வைத்திருந்த முதல் பொம்பளை அம்மாதான். அது ஊருக்குள் தெரிந்துபோனதுதான் வினை.

1984 ஆகஸ்டில், குறுவைப் பயிர் தண்ணீருக்கு ஏங்கிக்கொண்டிருந்த சமயம், தாத்தா உழைத்த அதே பண்ணை வீட்டின் இளைய மிராசு ஒரு ராத்திரி எங்கள் வீட்டுக்கு வந்தார். பம்புசெட்டு மோட்டாரில் காயில் எரிந்துவிட்டது. கூட்டுறவு சொசைட்டியில் ஏற்கெனவே பாக்கி. பங்காளிகளிடம் கேட்டால் மானம் போகும். ஊர் அடங்கிய பிறகு, காரியக்காரரைத் துணைக்கு அழைத்துக்கொண்டு, கொல்லைப் பக்கமாக வந்தார். பகலில் எங்கள் தெருவுக்குள் கால் வைக்காத மனிதர்.

"ஒரு அஞ்சாயிரம் வேணும். ரெண்டு அறுப்புல குடுத்துடறேன். வெளியில மூச்சு விடாத."

"நாளைக்குப் போஸ்டாபீசு போயி எடுத்தாறேன் ஆண்டே."

மறுநாள் ராத்திரி பணம் கைமாறியது. பெரியம்மா சிம்னி விளக்கைப் பிடித்துக்கொண்டு நிற்க, காரியக்காரர்தான் நோட்டை எண்ணினார்.

அப்போது எனக்கு 22 வயது. குமாஸ்தா வேலைக்குச் சேர்ந்த புதுசு. டவுனிலிருந்து ஞாயிற்றுக்கிழமை வந்தபோது அம்மா ரகசியமாகச் சொன்னார். எனக்குத் தூக்கிவாரிப் போட்டது.

"ஒரு நோட்டு எழுதி வாங்கியிருக்கக் கூடாதாம்மா?"

"ஆண்டைகிட்டப் போயி, கையெழுத்துப் போடுங்கன்னு எப்படிடா கேக்கறது?"

கோர்ட்டில் எல்லாரும் கேட்ட கேள்விக்கும் இதுதான் பதில். ஏன் எழுதி வாங்கவில்லை என்று கேட்பவர்கள், கடன் கொடுப்பவரும் வாங்குபவரும் எதிரெதிரே நாற்காலி போட்டு உட்கார்ந்திருப்பதாக நினைத்துக்கொள்கிறார்கள். எங்கள் அம்மா நின்றுகொண்டு கடன் கொடுத்தவர்.

தை அறுப்பு முடிந்ததும் காரியக்காரர் மூலம் 500 ரூபாய் வந்தது. அதோடு சரி. அடுத்த வருஷம் கேட்டதற்கு "இருக்கு, இருக்கு" என்றார். அதற்கு அடுத்த வருஷம் "என்ன பணம்?" என்றார். 1987-ல் களத்தில் நாலு பேர் முன்னால், "மவன் வக்கீல் ஆபீசுல இருக்கான்னு திமிராடி?" என்று கேட்டார். அன்றைக்கு அம்மா வீட்டுக்கு வந்து, "கேஸ் போடுடா" என்றார்.

அப்போது நாள் நெருங்கிவிட்டது. 1963-ஆம் வருஷத்துக் காலவரையறைச் சட்டத்தின்படி, கைமாற்றாகக் கொடுத்த கடனுக்குப் பணம் கொடுத்த நாளிலிருந்து மூன்று வருஷத்துக்குள் வழக்குப் போட வேண்டும். கேட்டபோது தருவேன் என்று சொல்லி வாங்கிய கடனுக்கும் கொடுத்த நாள்தான் கணக்கு, கேட்ட நாள் கணக்கில்லை. நடுவில் ஒரு பகுதியைத் திருப்பிக் கொடுத்தால் அந்த நாளிலிருந்து புதிதாக மூன்று வருஷம் கிடைக்கும். ஆனால் அப்படிக் கொடுத்தது வாங்கியவர் கையால் எழுதியதாகவோ, அவர் கையெழுத்துப் போட்டதாகவோ இருக்க வேண்டும். காரியக்காரர் மடியிலிருந்து எடுத்துக் கொடுத்த 500 ரூபாய்க்கு அப்படி எதுவும் இல்லை. நல்ல எண்ணத்தோடு கொஞ்சம் கொஞ்சமாகத் தருவார் என்று காத்திருக்கிற ஏழைக்கு இந்த விதி ஒரு கண்ணி. காத்திருக்கக் காத்திருக்கக் கடன் செத்துக்கொண்டே போகிறது.

1987 ஆகஸ்டில் கடைசி வாரத்தில் பிராது தாக்கல் செய்தோம். பாக்கி 4,500 ரூபாய். கோர்ட் கட்டணம் அப்போது நூற்றுக்கு ஏழரை. 337 ரூபாய் 50 காசு. 2017-ல்தான் அது நூற்றுக்கு மூன்றாகக் குறைந்தது. பெரியம்மாவின் தோட்டை அடகு வைத்துக் கட்டினோம்.

2

வழக்கு 1989-ல் விசாரணைக்கு வந்தது. எங்கள் வக்கீல் நல்லவர், எங்களுக்கு ஃபீஸ் வாங்கவில்லை. மூன்று விஷயங்களை வைத்து நிரூபிக்கலாம் என்று நினைத்தார். ஒன்று, அம்மாவும் பெரியம்மாவும் சொல்லும் சாட்சியம். இரண்டு, தபால் ஆபீஸ் பாஸ்புக். பணம் கைமாறிய அன்றைய தேதியிலேயே 5,000 எடுத்திருப்பது அதில் பதிவாகியிருந்தது. மூன்று, காரியக்காரர். அவருக்குச் சம்மன் அனுப்பினோம்.

காரியக்காரர் வந்தார். தனக்கு எதுவும் தெரியாது என்றார். அவரைக் குற்றம் சொல்லிப் பயனில்லை. அவரும் அந்த வீட்டுச் சோறு தின்றவர்.

அம்மாவைக் குறுக்கு விசாரணை செய்த வக்கீல் பணத்தைப் பற்றி அதிகம் கேட்கவில்லை.

"அவருக்கு எத்தனை ஏக்கர் நிலம்னு தெரியுமா?"

"பதினெட்டு ஏக்கரு."

"உனக்கு?"

"இல்லீங்க."

"அப்போ யாரும்மா யாருக்குக் கடன் குடுக்கறது?"

கோர்ட்டில் சிரித்தார்கள். அம்மா சிரிப்பு அடங்கும் வரைக்கும் நின்று, "அம்புட்டு இருந்தா எங்கிட்ட ஏன் வந்தாரு?" என்று கேட்டார். டைப் அடித்து வந்த வாக்குமூலத்தை நான் பல தடவை படித்திருக்கிறேன். அதில் "எனக்கு நிலம் ஏதும் இல்லை" என்று இருக்கிறது. அம்மா கேட்ட கேள்வி இல்லை. சாட்சி பதில் சொல்ல வேண்டும், கேள்வி கேட்கக் கூடாது என்பது கோர்ட் வழக்கம்.

1990-ல் தீர்ப்பு வந்தது. வழக்கு தள்ளுபடி. மூன்று காரணங்கள். பெரியம்மா வாதியின் உடன்பிறந்தவர், அதனால் அவர் சாட்சியத்தை எச்சரிக்கையோடுதான் பார்க்க வேண்டும். பாஸ்புக் பணம் எடுத்ததைக் காட்டுகிறது, கொடுத்ததைக் காட்டவில்லை. மூன்றாவதாக, பதினெட்டு ஏக்கர் நிலம் உள்ள ஒருவர் தம்மிடம் கூலி வேலை செய்யும் ஒரு பெண்ணிடம் கடன் வாங்கினார் என்பது இயல்பாக இல்லை.

முதல் இரண்டும் சட்டம் அறிந்தவர்கள் சொல்கிற காரணங்கள். பாஸ்புக் விஷயம் இன்றைக்கும் பொருந்தும். வங்கி மூலமோ போன் மூலமோ பணம் அனுப்பியிருந்தாலும், பணம் போனதுதான் நிரூபணம் ஆகும். கடனாகப் போனது என்பதைத் தனியாக நிரூபிக்க வேண்டும். ஆனால் மூன்றாவது காரணம்தான் வழக்கை முடித்தது. சிவில் வழக்கில் சந்தேகத்துக்கு இடமில்லாமல் நிரூபிக்க வேண்டியதில்லை. எந்தப் பக்கம் சொல்வது நடந்திருக்கக் கூடியது என்று தராசில் வைத்துப் பார்த்தால் போதும். அந்தத் தராசுக்கு எடைக்கல் எங்கேயிருந்து வருகிறது? சாட்சியச் சட்டத்தின் 114-ஆம் பிரிவு, மனித நடத்தையின் பொதுவான போக்கைப் பார்த்து நீதிபதி ஊகம் செய்துகொள்ளலாம் என்றது. எங்கள் ஊரில் பொதுவான போக்கு என்ன? ஆண்டை கொடுப்பார், பண்ணையாள் வாங்குவான். சாதி என்ற சொல் தீர்ப்பில் ஒரு இடத்திலும் இல்லை. "இயல்பு" என்ற சொல்லுக்குள் அது உட்கார்ந்திருந்தது.

இதே தஞ்சை மண்ணில் இதைவிடப் பெரிய வழக்கில் இது நடந்திருக்கிறது. 1968 டிசம்பர் 25 ராத்திரி கீழ்வெண்மணியில் 44 பேர் எரிக்கப்பட்டார்கள். 1973-ல் சென்னை உயர் நீதிமன்றம் மிராசுதார்களை விடுதலை செய்தது. ஏராளமான நிலம் வைத்திருக்கிற, அதில் ஒருவர் கார்கூட வைத்திருக்கிற பணக்காரர்கள், தாங்களே நடந்துபோய் வீடுகளுக்குத் தீ வைத்தார்கள் என்பதை நம்புவது கடினம் என்பது அந்தத் தீர்ப்பில் சொல்லப்பட்ட காரணங்களில் ஒன்று. 44 உயிரையும் 4,500 ரூபாயையும் நான் ஒன்றாக வைக்கவில்லை. இரண்டு தீர்ப்பிலும் நம்பிக்கை எந்தத் திசையில் சாய்கிறது என்பதை மட்டும் சொல்கிறேன். நிலம் இருப்பது அங்கே ஒரு சாட்சியாகவே நின்றது.

3

இந்த வழக்கில் நான் மறக்காத இன்னொரு விஷயம் உண்டு. அந்த வீட்டுக் கணக்கு நோட்டைக் கோர்ட்டில் காட்ட வேண்டும் என்று எங்கள் வக்கீல் நோட்டீஸ் கொடுத்திருந்தார். 500 ரூபாய் கொடுத்தது அதில் இருக்கும் என்று நம்பினோம். கூண்டில் நின்ற இளைய மிராசு, "நான் கணக்கு எதுவும் எழுதுவதில்லை" என்று ஒரு வரியில் முடித்துவிட்டார். கையில் இருக்கிற ஆதாரத்தை ஒருவர் மறைத்தால், அது அவருக்கு எதிரானது என்று கோர்ட் ஊகிக்கலாம். அதற்கும் அதே 114-ஆம் பிரிவில் இடம் உண்டு. அந்த ஊகத்தை யாரும் செய்யவில்லை.

அந்த நோட்டு எங்கள் குடும்பத்துக்குத் தெரியாத நோட்டா? சிவப்புத் துணி போட்டுக் கட்டிய நீள நோட்டு. தாத்தா கல்யாணத்துக்கு வாங்கிய நெல்லும் பன்னிரண்டு ரூபாயும் அதில்தான் இருந்தன. ஒவ்வொரு அறுப்பிலும் களத்தில் கணக்குப்பிள்ளை நோட்டைப் பிரித்து, "உம் பேருல இன்னும் ஏழு கலம் நிக்குது" என்று படிப்பார். அடுத்த வருஷம் எட்டுக் கலம் நிற்கும். தாத்தாவுக்குப் படிக்கத் தெரியாது. தெரிந்திருந்தாலும் அந்த நோட்டை அவர் கையில் கொடுத்திருக்க மாட்டார்கள். தாத்தா செத்ததும் அப்பாவின் பெயருக்கு மாற்றிப் படித்தார்கள். அப்பா ரயில்வேக்கு ஓடியதற்கு அதுதான் காரணம்.

குமாஸ்தா ஆன பிறகுதான் அந்தக் கடனைச் சட்டக் கண்ணோடு பார்த்தேன். வெள்ளைக்காரன் காலத்துக் காலவரையறைச் சட்டத்திலும் கைக்கடனுக்கு மூன்று வருஷம்தான். தாத்தாவின் கடன் முப்பது வருஷம் உயிரோடு இருந்தது. சாட்சியச் சட்டத்தின் 34-ஆம் பிரிவு, முறையாக எழுதிவரும் கணக்குப் புத்தகத்தைப் பார்க்கலாம், ஆனால் அதை மட்டும் வைத்து ஒருவர் மேல் கடனைச் சுமத்த முடியாது என்றது. களத்தில் நோட்டு மட்டும்தான் இருந்தது, வேறு சாட்சி எதுவும் இல்லை. செத்தவன் கடனுக்கு, அவன் விட்டுப்போன சொத்து எவ்வளவோ அவ்வளவுக்குத்தான் வாரிசு பொறுப்பு. தாத்தா விட்டுப்போனது ஒரு மண்வெட்டியும் ஒரு தகரப் பெட்டியும். கோர்ட்டுக்குப் போயிருந்தால் அந்த மிராசு மூன்று வகையிலும் தோற்றிருப்பார். அவர் போகவில்லை. போக வேண்டிய தேவை அவருக்கு இல்லை. அந்தக் கடன் திரும்ப வாங்குவதற்காகக் கொடுத்த கடன் அல்ல. ஆளைப் பிடித்து வைப்பதற்காகக் கொடுத்தது.

இதற்கு நீண்ட வரலாறு இருக்கிறது. 1843-ஆம் வருஷத்து ஐந்தாம் சட்டம், ஒரு மனிதன் இன்னொருவனின் அடிமை என்ற உரிமையை எந்தக் கோர்ட்டும் அமல்படுத்தக் கூடாது என்றது. அடிமை என்று சொல்லி ஆளைக் கேட்க முடியாமல் போனது. கடன்காரன் என்று சொல்லிக் கேட்க முடிந்தது. 1859-ல் வந்த பதின்மூன்றாம் சட்டம், முன்பணம் வாங்கிவிட்டு வேலை செய்யாத தொழிலாளியை மாஜிஸ்திரேட் முன் நிறுத்தி, வேலையைச் செய் அல்லது பணத்தைக் கட்டு என்று உத்தரவிட வைத்தது. மீறினால் மூன்று மாதம் வரை கடுங்காவல். முதலில் சென்னை, கல்கத்தா, பம்பாய் நகரங்களுக்காக வந்த அந்தச் சட்டம் பிறகு பல இடங்களுக்கும் நீண்டது. 1926-ல்தான் அது ஒழிந்தது. எஜமான் கூலி தராவிட்டால் அவருக்கு ஜெயில் கிடையாது, கூலிக்காரன் சிவில் வழக்குத்தான் போட வேண்டும். கூலிக்காரனுக்கு மட்டும் பணப் பாக்கி குற்றமாக இருந்தது.

1891-ல் செங்கல்பட்டு ஆட்சியர் திரமென்ஹீர் பறையர்களின் நிலைமை பற்றி எழுதிய அறிக்கையைப் பஞ்சமி நிலத்தின் தொடக்கமாக நாம் படிக்கிறோம். படியாள்களைக் கடன் கட்டிப்போட்டிருந்ததும் அந்த அறிக்கையில்தான் இருக்கிறது. நிலம் இல்லாததையும் கடன் தீராததையும் அவர் ஒன்றாகவே பார்த்தார். நிலத்தைப் பற்றி நாம் நிறையப் பேசியிருக்கிறோம். கடனைப் பற்றி இன்னும் பேச வேண்டும்.

எழுத்து இருந்தால் நமக்கு நியாயம் கிடைத்துவிடும் என்பதும் சரியில்லை. புரோநோட்டு இருந்தால், பணம் கைமாறியதாகவே கோர்ட் முதலில் எடுத்துக்கொள்ளும். 1881-ஆம் வருஷத்துச் சட்டத்தின் 118-ஆம் பிரிவு அப்படிச் சொல்கிறது. வாங்கவில்லை என்று காட்டுவது கையெழுத்துப் போட்டவன் வேலை. ஸ்டாம்ப் ஒட்டிய வெற்றுத் தாளில் கைநாட்டு வைத்துக் கொடுத்தால், அதை நிரப்பிக்கொள்ள அதிகாரம் கொடுத்ததாக அர்த்தம் என்கிறது 20-ஆம் பிரிவு. கந்துவட்டிக்காரன் பையில் இருக்கிற வெற்று நோட்டுகளுக்கு உயிர் கொடுப்பது இந்த இரண்டு பிரிவுகள்தான். 2003-ல் கந்துவட்டித் தடைச் சட்டம் வந்த பிறகும், 2017 அக்டோபரில் நெல்லை ஆட்சியர் அலுவலகத்தில் ஒரு குடும்பமே தீக்குளித்ததைப் பார்த்தோம். எழுத்து இல்லாதபோது நம் வாய் செல்லவில்லை. எழுத்து இருந்தபோது நம் கைநாட்டே நமக்கு எதிராக நின்றது. நிரூபிக்கும் பாரம் யார் தலையில் என்பதைப் பார்க்காமல், தாள் இருக்கிறதா இல்லையா என்று மட்டும் பார்த்துக்கொண்டிருந்தால் இந்தச் சுற்றிலிருந்து வெளியே வர முடியாது.

4

அந்தப் பாரத்தை ஒரு சட்டம் இடம் மாற்றி வைத்தது. 1975 அக்டோபர் 25 முதல் அமலுக்கு வந்த, 1976-ஆம் வருஷத்துக் கொத்தடிமை முறை ஒழிப்புச் சட்டம். தோழர்கள் அதைக் கையில் எடுத்து ஒரு முறை முழுதாகப் படிக்க வேண்டும். கொத்தடிமை முறை என்றால் என்ன என்று சொல்கிற இடத்தில், தொழிலாளியோ அவன் முன்னோரோ வாரிசோ வாங்கிய முன்பணம் என்று சொல்லிவிட்டு, அதற்கு ஆவணம் இருந்தாலும் இல்லாவிட்டாலும் என்று சேர்த்திருக்கிறார்கள். ஒரு குறிப்பிட்ட சாதியில் பிறந்ததால் வருகிற கட்டாயத்தையும் அதே இடத்தில் சேர்த்திருக்கிறார்கள். 6-ஆம் பிரிவு அந்தக் கடன்கள் ஒழிந்தன என்கிறது. 15-ஆம் பிரிவு, ஒரு கடனைக் கொத்தடிமைக் கடன் என்று தொழிலாளி சொன்னால், அப்படி இல்லை என்று நிரூபிக்கும் பாரம் கடன் கொடுத்தவர் மேல் என்கிறது.

எங்கள் தாத்தாவின் வாய்ச்சொல்லை முதலில் நம்பு, நோட்டு வைத்திருப்பவன் மறுத்து நிரூபிக்கட்டும் என்று இந்த நாட்டுச் சட்டம் சொன்னது அதுதான் முதல் தடவை என்று நினைக்கிறேன். அப்போது தாத்தா உயிரோடு இல்லை.

பந்துவா முக்தி மோர்ச்சா வழக்கில் இந்தக் கேள்வி உச்ச நீதிமன்றத்துக்கே போனது. பரீதாபாத் பக்கம் கல்குவாரிகளில் வேலை செய்தவர்கள் கட்டாய உழைப்பாளிகளாகவே இருந்தாலும், முன்பணம் வாங்கியது நிரூபணம் ஆகாமல் அவர்களைக் கொத்தடிமைகள் என்று சொல்ல முடியாது என்று அரியானா அரசு வாதாடியது. 1983 டிசம்பர் 16-ல் நீதிபதி பகவதி தீர்ப்புச் சொன்னார். ஒருவரிடம் கட்டாய உழைப்பு வாங்கப்படுகிறது என்று காட்டினால் போதும், முன்பணத்துக்காகத்தான் அது என்று கோர்ட்டே ஊகித்துக்கொள்ளும், அது இல்லை என்று முதலாளியும் அரசும்தான் காட்ட வேண்டும் என்றார். எங்கள் முன்சீப் கோர்ட்டில் அம்மா வழக்கை முடித்ததும் ஒரு ஊகம்தான். இங்கே ஊகம் எந்தப் பக்கம் வைக்கப்பட்டது என்று பாருங்கள்.

உச்ச நீதிமன்றம் அமைத்த ஆணையம், தமிழ்நாட்டில் பத்து லட்சத்துக்கும் மேல் கொத்தடிமைகள் இருக்கிறார்கள் என்று 1995-ல் அறிக்கை கொடுத்தது. அதற்கு அப்புறம் பல வருஷம் கழித்து, ஒரு அரிசி ஆலையிலிருந்து வந்த இருளர் குடும்பம் ஒன்றுக்காக, எங்கள் வக்கீலோடு ஒரு கோட்டாட்சியர் அலுவலகத்துக்குப் போயிருந்தேன். ஆலைக்காரர் 30,000 ரூபாய்க்குக் கைநாட்டு வைத்த நோட்டைக் கொண்டுவந்திருந்தார். அதிகாரி அதைப் பார்த்துவிட்டு, "வாங்கினதைக் குடுத்துட்டுப் போக வேண்டியதுதானே?" என்றார். நான் 15-ஆம் பிரிவின் ஜெராக்ஸை வக்கீல் கையில் கொடுத்தேன். அவர் அதை அதிகாரி மேசையில் வைத்து, "இவங்க எதையும் நிரூபிக்க வேண்டாம் சார். அவர்தான் நிரூபிக்கணும். கூலிக் கணக்குப் புத்தகத்தைக் கேளுங்க" என்றார்.

ஆலைக்காரர் சொன்னார்: "அதெல்லாம் எழுதறதில்ல சார்."

1989-ல் கூண்டில் கேட்ட அதே பதில். அன்றைக்கு அந்தப் பதில் மிராசைக் காப்பாற்றியது. இன்றைக்கு ஆலைக்காரருக்கு எதிராகப் போனது. மூன்று வருஷம் நாலு பேர் உழைத்ததற்குக் கூலி கொடுத்த கணக்கு இல்லை என்றால், 30,000 எப்படி நிற்கிறது என்று அதிகாரியால் கேட்காமல் இருக்க முடியவில்லை. சாயங்காலம் விடுதலைச் சான்று கிடைத்தது. அந்த அம்மா ஒன்றும் பெரிதாகப் பேசவில்லை. அம்மாவைவிடக் குறைவாகத்தான் பேசினார். பாரம் அவர் தலையில் இல்லாததால் அது போதுமாக இருந்தது.

5

கைமாற்றுக் கொடுத்துவிட்டு வருகிறவர்களுக்கு இந்தச் சட்டம் உதவாது. அவர்களுக்குப் பழைய பாரம் அப்படியேதான் இருக்கிறது. அவர்களுக்குத் திண்ணையில் நான் சொல்லி வந்ததை இங்கேயும் சொல்லிவிடுகிறேன்.

கொடுத்த நாளைக் குறித்து வையுங்கள், மூன்று வருஷம் அன்றையிலிருந்துதான். கொடுத்த அன்றைக்கே உங்கள் கையால் ஒரு நோட்டில் தேதி, தொகை, யார் இருந்தார்கள் என்று எழுதுங்கள். உங்கள் எழுத்து தனியாகக் கடனை நிரூபிக்காது. ஆனால் கூண்டில் நிற்கும்போது அதைப் பார்த்து ஞாபகப்படுத்திக்கொள்ளச் சட்டம் அனுமதிக்கிறது. கொஞ்சம் திருப்பிக் கொடுத்தால் அதை அவர் கையால் ஒரு வரி எழுதச் சொல்லுங்கள். உறவு இல்லாத ஒருவர் கூட இருக்கட்டும். பாக்கியைக் கேட்டு ஒரு செய்தி அனுப்புங்கள், "அடுத்த மாசம் தரேன்" என்று அவர் பதில் போட்டால் அந்த ஒரு வரி பத்துச் சாட்சிக்குச் சமம். போனை அழித்துவிடாதீர்கள். ஸ்டாம்ப் ஒட்டாமல் புரோநோட்டு மட்டும் எழுதி வாங்காதீர்கள். ஸ்டாம்ப் இல்லாத நோட்டைப் பிறகு அபராதம் கட்டியும் சரிசெய்ய முடியாது. ஒப்பந்தம் முழுவதும் அதிலேயே இருந்தால், எழுத்து இருக்கிறதே என்று வாய்ச் சாட்சியத்தையும் தடுத்துவிடுவார்கள். வழக்குக்கு முன்னால் வக்கீல் நோட்டீஸ் விடுங்கள். பதிலில் அவர் பாதியை ஒப்புக்கொண்டால் அந்தப் பாதிக்கு நிரூபணம் தேவையில்லை. 1987-ஆம் வருஷத்துச் சட்ட உதவிச் சட்டம் 1995 நவம்பரில் அமலுக்கு வந்தது. தலித்துகளுக்கும் பழங்குடிகளுக்கும் பெண்களுக்கும் வருமானம் பார்க்காமல் இலவச வக்கீல் கிடைக்கும். எங்கள் பெரியம்மாவின் தோடு அடகுக்குப் போன காலத்தில் அது அமலில் இல்லை. இப்போது இருக்கிறது, கேட்டு வாங்குங்கள்.

இயக்கங்களுக்கும் ஒன்று சொல்ல வேண்டும். கொத்தடிமைக் கடனுக்கு 1976-ல் கிடைத்ததை அங்கேயே நிறுத்திவிட்டோம். கூலிப் பாக்கிக்கும், தன்னிடம் வேலை செய்கிறவரிடமே முதலாளி வாங்கும் கைமாற்றுக்கும் பாரத்தை ஏன் மாற்றக் கூடாது? கணக்கு எழுத வசதி உள்ளவன் எழுதவில்லை என்றால் அந்த நஷ்டம் அவனுக்கே போகட்டும். சட்டத்துக்கு இப்படி யோசிக்கத் தெரியும். ஒரு தடவை யோசித்திருக்கிறது.

அம்மா மேல்முறையீட்டுக்குப் போகவில்லை. பணமும் இல்லை, மனசும் இல்லை. பெரியம்மாவின் தோட்டை மீட்க எனக்கு இரண்டு வருஷம் ஆனது. 2009-ல் அம்மா செத்துப்போனார். துக்கத்துக்கு வந்தவர்களில் அந்தக் காரியக்காரரும் இருந்தார். வயசாகிப்போயிருந்தது. என்னைத் தனியாகக் கூப்பிட்டு, "அன்னிக்கு நாந்தான் எண்ணுனேன் தம்பி. நூறு ரூவா நோட்டு அம்பது" என்றார்.

இருபத்தைந்து வருஷம் கழித்துக் கிடைத்த சாட்சியம். எந்தக் கோர்ட்டிலும் அதற்கு இனி இடம் இல்லை. அதனால் இங்கே எழுதி வைக்கிறேன்.